அடுத்த வள்ளம்

என் அத்தை கித்தேரியம்மாளுக்கு வாய் கொஞ்சம் நீளம். தருவைகுளம் கடற்கரையில் காலையில் அவள் விற்கும் இடியாப்பத்துக்கும் தேங்காய்ப்பால் சொதிக்கும் கூட்டம் நிற்கும். ஆனால் உப்பு குறைகிறது என்று ஒருவன் சொல்லிவிட்டால் தொலைந்தான். அவன் பூட்டன் வரைக்கும் இழுத்து வைத்துக் கேட்டுவிடுவாள். அந்தச் சொதியை அவள் எங்கள் ஊரில் கற்கவில்லை. மன்னார்த் தீவில், பேசாலையில், வாழ்க்கைப்பட்டுப் போன வீட்டில் கற்றாள். போன இடத்தில் அவளை இந்தியாக்காரி என்றார்களாம். திரும்பி வந்தபோது இங்கே சிலோன்காரி என்றார்கள்.

"நடுக்கடல்ல ஒரு வீடு கெட்டித் தாங்க, அங்கன போயி இருந்துக்கிடுதேன்" என்பாள்.

தொண்ணூறில் அங்கே சண்டை மறுபடி மூண்டபோது பேசாலைக் கரையில் ஒரு வள்ளம்தான் கிடைத்தது. பெண்களும் கைப்பிள்ளைகளும் முதலில் என்று ஏற்றினார்கள். அத்தை தன் மகள் டயானாவை இடுப்பில் வைத்துக்கொண்டு ஏறினாள். மகன் தஸ்நேவிசுக்கு மீசைகூட அரும்பாத வயசு. ஆனால் வளர்த்தியான பையன், ஆம்பிளைகள் பக்கம் அப்பாவோடு நின்றுவிட்டான். "நீங்க போங்க அம்மா, அடுத்த வள்ளத்தில வாறம்" என்றான்.

அடுத்த வள்ளம் வரவில்லை. வலையையும் வீட்டையும் விட்டு வர மாமாவுக்கு மனமில்லை. இன்று நாளை என்று கடத்தினார். பிறகு கடற்படை கடலை அடைத்துவிட்டது. பிறகு காய்ச்சலில் மாமாவே போய்விட்டார். இடையில் சண்டை ஓய்ந்த காலத்தில் அத்தை போய்ப் பார்த்திருக்கலாம். ஆனால் இங்கே பிறந்து, அங்கே வாழ்ந்து, அகதி என்று பதிவாகித் திரும்பி வந்தவளுக்கு எந்த நாடு பாஸ்போர்ட் கொடுக்கும்? இந்த ஆபீஸ் அந்த ஆபீசைக் கைகாட்டியது. அந்த ஆபீஸ் இந்த ஆபீசைக் கைகாட்டியது. அவள் இரண்டு ஆபீசையும் வாய்க்கு வந்தபடி ஏசிவிட்டு என் அப்பா வீட்டுக்கே, அதாவது தன் தம்பி வீட்டுக்கே, வந்து உட்கார்ந்துவிட்டாள்.

எங்கள் வீட்டில் மாலை ஜெபமாலை முடிந்ததும் இரண்டு மன்றாட்டுகள் சொல்வோம். முதலாவது கடலில் இருப்பவர்களுக்கு. அடுத்தது செத்துப்போனவர்களின் ஆத்துமாக்களுக்கு. கடலுக்குப் போனவர்கள் பேரையெல்லாம் சொல்லி, கடைசியாகத் தஸ்நேவிஸ் பேரையும் அத்தை சொல்வாள். அடுத்த வள்ளத்தில் வருகிறேன் என்றவன் கடலில்தானே இருக்கிறான். அது அவள் நியாயம். அவன் அங்கே கொறற்றி என்றொருத்தியைக் கலியாணம் முடித்து, ஒரு மகளையும் பெற்று, அதற்கு அத்தையின் பேரையே வைத்து, போனில் கலகலவென்று பேசிக்கொண்டிருந்த காலத்திலும் அதே மன்றாட்டில்தான் அவன் பேர் வந்தது. எனக்கு எரிச்சலாக வரும்.

"அத்தை, அத்தான் அங்கன வீட்டுல உக்காந்து மீன்குழம்பு சாப்பிட்டுக்கிட்டு இருக்கான். அவனப் போயி கடல்ல விடுதீங்களே."

"வந்து சேருத வரைக்கும் கடலுதான் ஏளா" என்பாள்.

இரண்டாயிரத்து ஒன்பதில் சண்டை முடிந்தபோது, சரணடைந்தவர்களை ராணுவம் ஏற்றிய பஸ்ஸில், குடும்பத்தோடு சண்டைக்குள் அகப்பட்டிருந்த தஸ்நேவிசும் ஏறினான். இயக்கம் அவனைப் பிடித்துக்கொண்டுபோய்க் கொஞ்ச நாள் பதுங்குகுழிக்கு மண் அள்ள வைத்திருந்தது. அதற்காக அவனும் பேர் கொடுக்க வேண்டும் என்றார்கள். கொறற்றி மகளைப் பிடித்துக்கொண்டு பார்த்தபடி நின்றாள். பஸ் போய்விட்டது. அவ்வளவுதான் தெரியும். அதன் பிறகு அவள் புருசன் போட்டோவைப் பிடித்துக்கொண்டு ரோட்டோரத்தில் மற்றப் பெண்களோடு வருசக்கணக்காக உட்கார்ந்தாள். கேட்காத இடமில்லை. ஒருவரும் இருக்கிறான் என்று சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை.

போன தவக்காலம் முடிந்ததும் கொறற்றி வீடியோ காலில் வந்தாள். முடி முழுக்க நரைத்திருந்தது.

"மாமி, பிள்ளைக்குக் கலியாணம் சரிவந்திருக்கு. தகப்பன் இல்லாத பிள்ளையள் எல்லாம் கல்லறையில மெழுகுதிரி கொளுத்திப்போட்டுத்தானே கோயிலுக்குப் போகுதுகள். இவள் எங்க போறது? அவருக்கு ஒரு சிலுவையாவது நடுவம் மாமி. நீங்க சொல்லாமல் நான் செய்யமாட்டன். உங்கட கோயில்ல மணி அடிச்சாப் போதும்."

எங்கள் ஊர்ப்பிள்ளைகள் எந்தத் தேசத்தில் செத்தாலும் இங்கே துக்கமணி அடிப்பது வழக்கம். வீட்டார் வந்து வாய்விட்டுச் சொன்னால்தான் கோயில்பிள்ளை கயிற்றைத் தொடுவார். பெற்றவள் இருந்தால் அவள்தான் சொல்ல வேண்டும்.

"எம்புள்ளையக் கொல்லுததுக்கு நீ யாருளா" என்று அத்தை போனை அணைத்துவிட்டாள்.

அதிலிருந்து இடியாப்பம் குழைந்தது. சொதி திரிந்தது. குறை சொன்ன ஒருவனையும் அவள் ஏசவில்லை, அதுதான் எனக்குப் பயமாக இருந்தது. ஜெபமாலையில் மட்டும் மகன் பேரை முன்னைவிடச் சத்தமாகச் சொன்னாள். நானும் பொறுத்துப் பொறுத்துப் பார்த்து, "ஒங்க பேத்தியையும் சேத்து நடுக்கடல்ல நிறுத்துதீங்க அத்தை" என்று சொல்லிவிட்டேன். என்னோடும் பேச்சை நிறுத்தினாள்.

பேத்தியே ஒருநாள் கூப்பிட்டாள். அவள் அழவில்லை, சண்டை போடவும் இல்லை.

"அப்பம்மா, அப்பா வருவார் எண்டு நீங்க சொல்லுங்கோ. நான் கலியாணத்தைத் தள்ளி வைக்கிறன். அவர் வரும்வரைக்கும் பாத்துக்கொண்டு இருக்கிறன்."

வருவான் என்று சொல்ல அத்தைக்கு எவ்வளவு ஆசை என்று எனக்குத் தெரியும். ஆனால் காத்திருப்பது என்னவென்று அவளைவிட யாருக்குத் தெரியும்? முப்பது வயசில் வள்ளத்தில் ஏறியவள், அந்தக் கடலையே பார்த்துப் பார்த்துக் கிழவியாகிவிட்டாள். அதையா பேத்திக்குச் சீதனமாகக் கொடுப்பது?

"நீ கலியாணத்தை முடிம்மா" என்றாள். "தள்ளி வைக்காத. அம்மாட்ட சிலுவை நடச் சொல்லு."

போனை என் கையில் கொடுத்துவிட்டு, முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு கோயிலுக்கு நடந்தாள். நான் பின்னாலேயே போனேன். கோயில்பிள்ளை திருப்பாத்திரங்களைத் துலக்கிக்கொண்டிருந்தார். "என்ன மதினி, இந்த நேரத்துல?" என்றார்.

"எம்மகன் தஸ்நேவிஸ் செத்துப்போனான். மணி அடிங்க."

அவர் கைகழுவிவிட்டு எழுந்தார்.

வள்ளங்களெல்லாம் கடலில் கிடந்த நேரம் அது. அந்த நேரத்தில் துக்கமணி அடித்தால் எங்கள் ஊர்ப்பெண்களுக்கு ஒன்றுதான் தோன்றும். அடுப்பை விட்டு, தொட்டிலை விட்டு, தலைவிரிகோலமாக ஓடி வந்தார்கள். நிறைமாதக்காரி ஒருத்தி கோயில் வாசலில் அத்தையின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"எந்த வள்ளம் பெரியம்மா? யாரு வள்ளம்?"

அத்தை அவள் வயிற்றைத் தடவிக் கொடுத்தாள்.

"பயப்படாத. ஒம் மனுசன் வந்திருவான். இது தொண்ணூறுல பேசாலையில இருந்து வர வேண்டிய வள்ளம். இனி வராது."

யாரும் வீட்டுக்குத் திரும்பவில்லை. அன்றைக்குத்தான் செத்த பிள்ளைக்கு அழுவதுபோல அத்தையைச் சுற்றி உட்கார்ந்து அழுதார்கள். அத்தையும் மாரில் அடித்துக்கொண்டு அழுதாள். அவள் அழுது நான் பார்த்தது அதுதான் முதல் தடவை.

மாலையில் ஜெபமாலை முடிந்து கடலில் இருப்பவர்களுக்கான மன்றாட்டு வந்தது. தொண்டை கட்டியிருந்தாலும் அத்தை ஒவ்வொரு பேராகச் சொன்னாள். அந்த நிறைமாதக்காரியின் புருசன் பேரையும் சேர்த்தாள். கடைசியில் நிறுத்திக்கொண்டாள். பழகிப்போன நாக்கு, நான் "தஸ்நேவிஸ்" என்று சொல்லிவிட்டேன்.

அத்தை என் தொடையில் கை வைத்தாள்.

"அடுத்த மன்றாட்டுல சொல்லு ஏளா" என்றாள்.