விளக்கு வைக்கும் முன் கழுவிய வீடு

போனில் அந்த அம்மா அழவில்லை. "ஏனுங்க, ஊட்டுக்குள்ள பூந்த சேத்தை அள்ளித் தருவீங்களா?" என்று மட்டும் கேட்டார்.

எங்கள் விசிட்டிங் கார்டில் சோபா, வாட்டர் டேங்க், பாத்ரூம் என்று ஏதேதோ போட்டிருக்கும். சேறு கிடையாது. இருந்தாலும் கேட்டேன்.

"அள்ளுவோமுங்க. எத்தன ஒசரம் நிக்குது?"

"தண்ணி தொடை வரைக்கும் வந்துதுங்க. வெடியக்காலம் வடிஞ்சு போச்சு. சேறு மட்டும் கணுக்காலுக்கு மேல நிக்குதுங்க."

"கரண்ட்டு?"

"லைன்மேன் வந்து வெளியவே கட் பண்ணீட்டாருங்க."

"நல்லதுங்க. யாரு வந்து என்ன சொன்னாலும் சேத்தைக் காயப் போடாதீங்க. வாரோம்."

என் பெயர் ராஜாமணி. கோவையில் ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் ஹவுஸ்கீப்பிங் சூப்பர்வைசராக இருந்து ரிட்டயர் ஆனவள். வீட்டில் சும்மா உட்காரப் பிடிக்காமல், பெரியநாயக்கன்பாளையத்தில் ஒரு சின்ன கிளீனிங் டீம் ஆரம்பித்தேன். டீம் என்றால் மூன்று பேர். என்னோடு ஆஸ்பத்திரியில் வேலை பார்த்த மயிலாத்தாள், மோட்டாரும் வயரிங்கும் பார்க்கிற காதர், அப்புறம் நான். இந்த வேலைக்குப் புதிதாக வருகிறவர்கள் என்னிடம் முதலில் கேட்பது, எந்த மெஷின் வாங்கலாம் என்று. மெஷின் இருக்கட்டும், இந்த ஒரு வீட்டின் கதையைக் கேளுங்கள்.

1. எந்த ரூம் முதலில்

வீடு மேட்டுப்பாளையம் ரோட்டை விட்டு உள்ளே, பள்ளத்தை ஒட்டி இருந்தது. பள்ளம் என்றால் எங்கள் பக்கம் மழைக்கு மட்டும் தண்ணீர் ஓடும் ஓடை. வருஷம் முழுக்கக் குப்பை கொட்டுகிறவர்கள், அந்த ஒரு நாள் மட்டும் அதை ஆறு என்று ஒப்புக்கொள்வார்கள்.

தெருவே வாசலில் நின்றது. எதிர்வீட்டுக்காரர் சேற்றின் மேலேயே பிளீச்சிங் பவுடரைத் தூவிக்கொண்டிருந்தார். பக்கத்து வீட்டுக்காரர் கைகட்டி நின்று, "ரெண்டு நாள் காஞ்சுதுன்னா பாளம் பாளமா வெட்டி எடுத்தர்லாமுங்க" என்று எனக்கு யோசனை சொன்னார். எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. காய்ந்தால் மேலே பாளம் வரும். அடியில் இருக்கும் மாவு போன்ற வண்டல் தரையிலும் சுவரிலும் பிடித்துக்கொள்ளும், பிறகு மாசக்கணக்கில் தூசியாகப் பறக்கும். ஈரத்தில் அள்ளினால் சேறு, காயவிட்டால் தூசி. அவரிடம் அவ்வளவு விளக்க எனக்கு நேரமில்லை.

போன் செய்த அம்மாவின் பெயர் சிவகாமி. சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு படியில் உட்கார்ந்திருந்தார். வழக்கமாக எல்லோரும் ஹாலைத்தான் முதலில் காட்டுவார்கள். டிவி, சோபா, பீரோ. இவர் எங்களை நேராகப் பின் ரூமுக்குக் கூட்டிப் போனார்.

"இந்த ரூம் மட்டும் நாளைக்கு மத்தியானத்துக்குள்ள வேணுமுங்க. மத்ததெல்லாம் எப்பவோ ஆகட்டும்."

"இங்க என்னங்க இருக்குது?"

"எங்க ஊட்டுக்காரருக்குக் கிட்னி ரெண்டும் போச்சுங்க. வயித்துல டியூப் வெச்சு, இந்த ரூம்லயேதான் டயாலிசிஸ் பண்ணிக்கறாரு. இப்ப அன்னூர்ல நாத்தனா ஊட்டுல விட்டிருக்கறனுங்க. அங்க ஒட்டியே மாட்டுச்சாளை. ஒரே வைக்கோல் தூசி. நாளைக்கு மத்தியானம் நர்சம்மா வந்து இந்த ரூமைப் பாக்கறேன்னிருக்குது. சரியில்லீன்னா ஆஸ்பத்திரி மெஷினுக்கு மாத்திருவாங்களாமுங்க."

இந்த டயாலிசிஸ் எனக்குத் தெரியும். பையில் இருக்கும் திரவத்தை டியூப் வழியாக வயிற்றுக்குள் விட்டு, சில மணி நேரம் கழித்து வெளியே எடுத்து, புதுப் பை மாட்ட வேண்டும். மாட்டும்போது ஜன்னல் சாத்தி, ஃபேனை நிறுத்தி, முகத்தில் மாஸ்க் கட்டிக்கொள்வார்கள். அந்த நேரத்தில் டியூபின் வாயில் தூசி பட்டால் வயிற்றுக்குள் இன்ஃபெக்‌ஷன் ஆகி, ஆளையே சாய்த்துவிடும். மெஷின் என்றால் வாரம் மூன்று நாள் ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடக்க வேண்டும். அதற்குப் பயந்துதான் அவர் இந்த வழியைத் தேர்ந்தெடுத்து, வீட்டிலேயே பேப்பர் படித்துக்கொண்டு, மனுஷனாக நடமாடிக்கொண்டிருந்தார். அந்தத் திரவப் பைகள் இருந்த பெட்டிகள் அட்டாலியில் மேலே இருந்ததால் நனையாமல் தப்பித்திருந்தன. ரூம் மட்டும்தான் வேண்டும்.

நான் மயிலாத்தாளைப் பார்த்தேன். அவள் ஏற்கெனவே கொண்டையை இறுக்கிக்கொண்டிருந்தாள்.

2. மோட்டார்க்காரர்

சிவகாமியம்மாவின் வீட்டுக்காரர் பழனிச்சாமி, மோட்டார் காயில் கட்டிப் பிழைத்தவர். அன்னூரிலிருந்து காதருக்குப் போன் மேல் போன்.

"தம்பி, சம்ப்புல இருக்கற மோட்டாரை எடுத்தாச்சா?"

"இன்னும் இல்லீங்கய்யா. முதல்ல உங்க ரூம்..."

"ரூம் கெடக்குது தம்பி! மோட்டாரை எடு. கரண்ட்டு வந்ததீம் யாராச்சும் சுவிட்ச்சைப் போட்டுப்போட்டா காயில் கருகிப் போயிருமப்பா!"

மனைவி அவர் உயிருக்குத் தவித்துக்கொண்டிருக்க, அவர் மோட்டாரின் உயிருக்குத் தவித்தார். சும்மா சொல்லக்கூடாது, அவர் பயந்ததும் நியாயம்தான். கரண்ட் வந்த மேட்டு வீடுகளில் வெள்ளம் வடிந்ததும் எல்லோரும் முதல் வேலையாக மோட்டாரைப் போட்டிருந்தார்கள். தெருக்கோடியில் இரண்டு வீட்டில் புகை. எங்கள் ஊரில் வீட்டுக்கு ஒரு மோட்டார், மோட்டாருக்கு நாலு வைத்தியர்கள். காதர் கடைசியில் அதைக் கழற்றி மாடிப்படியில் வைத்து, போட்டோ எடுத்து அனுப்பிய பிறகுதான் போன் ஓய்ந்தது.

தரைக்கு அடியில் இருந்த அந்தச் சம்ப்புத் தொட்டி முழுக்கச் சேற்றுத் தண்ணீர். அதை வைத்துக் கழுவினால் அள்ளிய சேற்றையே திரும்ப உள்ளே கொண்டுவருவதாகும். மேட்டில் இருந்த ஒரு வீட்டுக்காரர் போர் தண்ணீருக்கு ஹோஸ் இழுத்துக்கொள்ளச் சொன்னார். புண்ணியவான்.

பழைய வீடு, ரெட் ஆக்சைடு தரை. மம்பட்டி போட்டால் கீறிவிடும், கீறலில் வண்டல் உட்கார்ந்துகொள்ளும். அதனால் பழைய ஆயில் கேன்களைக் குறுக்கே வெட்டி, அதைக் கொண்டே அள்ளினோம். முதலில் ரூமின் உள்மூலை, அப்புறம் வாசல் பக்கம். மெத்தையும் பிளைவுட் அலமாரியும் வெளியே போயின. இரும்புக் கட்டிலைத் தெருவில் போட்டுக் கழுவினோம். சேறு சாக்கடைக்குள் போகாமல் ரோட்டோரம் குவித்தோம். சாக்கடை அடைத்தால் அடுத்த மழைக்கு மறுபடியும் இதே வீட்டுக்குத்தான் வரவேண்டியிருக்கும்.

3. விளக்கு வைக்கிற நேரம்

அள்ளுவது முடியும்போது பொழுது சாய்ந்துவிட்டது. அள்ளிய பிறகுதான் முக்கியமான வேலை. தரையில் தண்ணீரை நிறைத்து, சீமாறு போட்டுக் கலக்கி, வண்டல் மிதக்கும்போதே கூட்டித் தள்ளி, வைப்பரால் இழுத்துவிட வேண்டும். தெளியவிட்டால் அடியில் படிந்துவிடும். நான் சீமாற்றை எடுத்தேன்.

சிவகாமியம்மா குறுக்கே வந்தார். "வேண்டாமுங்க. விளக்கு வெக்கற நேரமாச்சு. இனிமே ஊட்டைக் கூட்டி வெளிய தள்ளக் கூடாதுங்க."

"காலைலன்னா காஞ்சு போயிருமுங்க."

"காஞ்சாலுஞ் சரிங்க. அவரு ஒடம்பு இப்புடி இருக்கையில, நான் லட்சுமியக் கூட்டித் தள்ள மாட்டனுங்க."

மயிலாத்தாளைப் பார்த்தேன். அவளும் சீமாற்றைச் சுவரில் சாத்திவிட்டாள். "அக்கா, நானும் விளக்கு வெச்சா எங்கூட்டுல கூட்டறதில்லீங்கக்கா" என்றாள். என் டீமே எனக்கு எதிராகப் போய்விட்டது. கோபம் தலைக்கேறியது. ஆனால் அந்த அம்மாவின் முகத்தைப் பார்த்ததும் அது இறங்கிவிட்டது. இரண்டு நாளாக எல்லாமே கைவிட்டுப் போனவர், கையில் மிச்சமிருக்கும் ஒரே ஒழுங்கைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார். அதைப் பிடுங்க எனக்கு மனசு வரவில்லை.

"அம்மணி, ஒண்ணு கேக்கட்டுங்களா? உங்கூட்டு விளக்கு எங்க?"

அவர் சாமி அலமாரி இருந்த பக்கம் திரும்பினார். அலமாரி ஹாலில் சேற்றில் கவிழ்ந்து கிடந்தது.

"அதுக்குள்ள எங்கியோ கெடக்குமுங்க."

"விளக்கு வெச்ச பொறவுதானுங்க கூட்டக் கூடாது? விளக்கே சேத்துக்குள்ள கெடக்குது. இன்னும் விளக்கு வெக்கவே இல்லீங்களே!"

சிவகாமியம்மா சிரித்துவிட்டார். வந்ததிலிருந்து அவர் சிரித்து நான் பார்த்தது அப்போதுதான்.

"அப்படீன்னா நான் இன்னிக்கு விளக்கு வெக்கறதில்லீங்க. அவரு வந்து, இந்த ரூம்ல உக்காந்து பை மாத்துன பொறவுதான் இந்தூட்டுல விளக்கு. நீங்க கூட்டுங்க."

மயிலாத்தாள் அடுத்த நொடி சீமாற்றோடு நின்றாள். காதர் பேட்டரி லைட்டைத் தூக்கிப் பிடிக்க, கலக்கி, தள்ளி, இழுத்து, மறுபடியும் கலக்கினோம். தண்ணீர் தெளிவாகப் போனதும் சோப்பு, அதன்பின் பிளீச்சிங் கரைசல். சுவிட்ச் பெட்டி, ஜன்னலின் சறுக்குப் பள்ளம், கதவு நிலையின் பின்பக்கம் என்று வண்டல் ஒளிந்துகொள்ளும் இடங்களை எல்லாம் பிரஷ்ஷால் குடைந்தோம். ராத்திரிச் சோற்றுக்கு முன் ரூம் முடிந்தது.

4. வெள்ளைத் துணியில் வெள்ளைத் தூசி

ஆஸ்பத்திரியில் எங்களுக்கு ஒரு டெஸ்ட் உண்டு. காய்ந்த தரையில் வெள்ளைத் துணியை இழுத்துப் பார்ப்பது. காலையில் பழனிச்சாமியின் வெள்ளை வேட்டி ஒன்றை வாங்கி மூலைக்கு மூலை இழுத்தேன். கறையே இல்லை. எனக்கு ஒரே கர்வம்.

மயிலாத்தாள் தரையில் உட்கார்ந்து ஒரு வாய் டீ குடித்துவிட்டு எழுந்தாள். அவள் கட்டியிருந்தது அரக்குச் சேலை. பின்பக்கம் பார்த்த காதர் கேட்டான்.

"என்னக்கா, மாவு மில்லுக்குப் போயிட்டு வந்தீங்களா?"

சேலை முழுக்க வெள்ளைப் பொடி. தரையை உள்ளங்கையால் தடவினேன். சிவப்புத் தரையில் கைபட்ட இடம் மட்டும் பளிச்சென்று தெரிந்தது. சேறு இல்லை, உப்பு! போர் தண்ணீர் காய்ந்து உப்பாகப் பூத்திருந்தது. வெள்ளை வேட்டியில் வெள்ளை உப்பு எப்படித் தெரியும்? எங்கள் ஊரில் உப்புத் தண்ணி, நல்ல தண்ணி என்று குழாயே இரண்டு இருக்கும். அது தெரிந்தும் கடைசிக் கழுவலை உப்புத் தண்ணியில் விட்டுவிட்டோம். நடந்தால் பறக்கும் பொடி அது. நர்ஸ் வரும் மத்தியானம் வரைக்கும்தான் எங்களுக்கு நேரம்.

நல்ல தண்ணி எங்கே இருக்கிறது? குழாய் உடைந்து கிடந்தது. இருப்பதெல்லாம் மாடி வீடுகளில் குடிக்கப் பிடித்து வைத்திருந்தது மட்டும்தான். வெள்ள நேரத்தில் குடிதண்ணீரைப் போய்த் தரை கழுவக் கேட்பதா என்று எனக்கு நாக்கு எழவில்லை. சிவகாமியம்மாதான் தெருவில் இறங்கினார்.

"ஏனுங்க, அவரு ரூமுக்குக் கடைசித் தண்ணி வேணுமுங்க. ஆளுக்கு ஒரு கொடம் குடுத்தீங்கன்னா போதும்."

முதல் குடத்தைத் தூக்கி வந்தவர், காயவிட்டு வெட்டலாம் என்று எனக்கு யோசனை சொன்ன அதே பக்கத்து வீட்டுக்காரர். அவர் பின்னால் எதிர்வீடு, அதன் பின்னால் மேட்டு வீடு. வாசலில் குடங்கள் வரிசையாக நின்றதைப் பார்த்து எனக்குக் கண் கலங்கிவிட்டது. அன்று நாங்கள் தண்ணீரைச் சிக்கனம் பிடித்த அழகை யாராவது பார்த்திருக்க வேண்டும். துணியை நனைத்து, பிழிந்து, ஒரு சொட்டு வீணாகாமல் துடைத்து எடுத்தோம். காய்ந்ததும் மயிலாத்தாள் அதே அரக்குச் சேலையோடு தரையில் உட்கார்ந்து எழுந்தாள். ஒன்றுமில்லை.

நர்ஸ் வந்தது. சின்னப் பெண்தான், ஆனால் கறார். ஜன்னல் சட்டம், கட்டில் கால், சுவிட்ச் மேல்புறம் எல்லாவற்றிலும் விரல் வைத்துப் பார்த்தது. பிறகு ஹாலில் இன்னும் கிடக்கும் சேற்றைப் பார்த்தது, திரும்ப ரூமைப் பார்த்தது.

"இந்த ரூமுக்குள்ள மட்டும் தண்ணி வரலீங்களா?"

எங்கள் மூன்று பேருக்கும் அதற்கு மேல் ஒரு சர்டிஃபிகேட் தேவைப்படவில்லை. மயிலாத்தாள் தலைமுடியைச் சரிசெய்துகொண்டாள்.

சாயந்திரம் அன்னூரிலிருந்து கார் வந்தது. பழனிச்சாமி இறங்கியதும் மாடிப்படியில் இருந்த மோட்டாரைத்தான் முதலில் தொட்டுப் பார்த்தார். அப்புறம் கை கால் கழுவி, பின் ரூமுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். ஹாலில் வேலை செய்துகொண்டிருந்த நாங்கள் வாளியைக்கூட நகர்த்தாமல் நின்றோம். வெகுநேரம் கழித்துக் கதவு திறந்தது.

"ஆச்சு" என்றார் அவர். "நம்மூடு நம்மூடுதான்."

மயிலாத்தாள் ஹால் சேற்றிலிருந்து எடுத்துத் தேய்த்து வைத்திருந்த காமாட்சி விளக்கில் சிவகாமியம்மா எண்ணெய் ஊற்றித் திரி போட்டு ஏற்றினார்.

புதிதாக வருகிறவர்களுக்கு நான் சொல்ல வருவது இதுதான். சேறு எங்கே அதிகமாக இருக்கிறது என்று பார்க்காதீர்கள். அந்த வீட்டில் எது மறுபடியும் நடக்க வேண்டும் என்று கேளுங்கள், அங்கே ஆரம்பியுங்கள். கடைசித் தண்ணியை நல்ல தண்ணியில் விடுங்கள். வேலை முடிந்தது என்று நீங்களாக முடிவு செய்யாதீர்கள். அதைச் சொல்ல வேண்டியது வீட்டுக்காரி.

வீட்டுக்காரியின் அந்த வார்த்தை எங்களுக்கு அன்றைக்கே கிடைத்தது. கிளம்பும்போது, எங்கள் காலில் ஒட்டி வந்த மண் அந்த ரூம் வாசலில் கொஞ்சம் உதிர்ந்திருப்பதை மயிலாத்தாள் பார்த்துவிட்டுச் சீமாற்றை எடுத்தாள். சிவகாமியம்மா ஓடி வந்து அதை அவள் கையிலிருந்து வாங்கிக்கொண்டார்.

"விளக்கு வெச்சாச்சு அம்மணி. இனிமே கூட்டக் கூடாது. காலைல நானே கூட்டிக்கறேன்."