பந்தலுக்குள் குனிந்து வந்த நடிகர்

சுருளிப்பட்டியில் இருக்கும் என் திராட்சைத் தோட்டத்தில் போன வருடம் சினிமாப் படப்பிடிப்பு நடந்தது. வழி தவறிய வெள்ளைக்காரராக நடிக்க இங்கிலாந்திலிருந்து ஒரு காமெடி நடிகர் வந்திருந்தார். வாலிபத்திலிருந்தே அந்த ஊர் டிவியில் சிரிக்க வைத்தவராம். நல்ல உயரம், புருவம்கூட நரைத்திருந்தது. ஷாட் இல்லாத நேரமெல்லாம் நாற்காலியில் உட்கார்ந்து யாரையாவது உற்றுப் பார்த்துக்கொண்டே இருப்பார்.

அறுவடைக்கு ஒரு வாரம்தான் இருந்தது. யார் தலை இடித்துக் குலை உதிருமோ என்று எனக்கு ஒரே பயம். பந்தலுக்குக் கீழே குனிந்தபடி, குலைகளுக்கு இரண்டு கையையும் ஏந்திக்கொண்டு, "பாத்து, பாத்து" என்று கூட்டத்தின் பின்னாலேயே அலைந்தேன்.

கேமரா ஓடியதும் அவர் பந்தலுக்குள் நுழைந்தார். முழங்காலை மடக்கி, கைகளை ஏந்தி, ஒவ்வொரு குலைக்கும் பதறிப் பதறி நடந்தார். பழம் பறிக்கும் பெண்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

"ஏங்க, அது நீங்கதான!" என்றாள் என் மனைவி.

எனக்கு முகம் சுண்டிவிட்டது. ஷாட் முடிந்ததும் அவர் நேரே என்னிடம் வந்து, கைகூப்பி இங்கிலீஷில் ஏதோ சொன்னார். எட்டாவதோடு படிப்பை விட்டவன் நான், பக்கத்தில் நின்ற உதவி இயக்குநரைப் பார்த்தேன்.

"உங்க நடை ரொம்பப் பிடிச்சுப் போச்சாம். தனக்குச் சரியா வந்துச்சான்னு கேக்குறாரு" என்றார் உதவி இயக்குநர்.

தரையைப் பார்த்தேன். அவர் நடந்த வழியில் ஒரு பழம்கூட உதிர்ந்திருக்கவில்லை.

"என்னைய விட நல்லா வந்துச்சுன்னு சொல்லுங்க, தம்பி."

அரை நாள் பார்த்ததில் என் பதற்றம் முழுவதையும் எப்படிப் பிடித்தாரோ! இப்போதும் நான் தோட்டத்துக்குள் நுழைந்தால், "ஏய், வெள்ளைக்காரரு வந்துட்டாகடி" என்று பெண்கள் சிரிக்கிறார்கள். நானும் கொஞ்சம் கூடுதலாகவே குனிந்து நடக்கிறேன்.