ஓரகத்தியும் கோ-சிஸ்டரும்

என் பிறந்த வீட்டின் நடுவில் ஒரு சுவர் இருந்தது. அம்மாவும் சித்தியும் பேச்சை நிறுத்திய பிறகு அப்பாவும் சித்தப்பாவும் எழுப்பிய சுவர். கூடத்துச் சாமி படம் சித்தி பக்கம் போயிற்று. ஜன்னல் எங்கள் பக்கம் வந்தது. அந்தப் பக்கம் என்ன குழம்பு கொதிக்கிறது என்று வாசனையிலேயே தெரியும். ஒரு கரண்டி கேட்டு வாங்க முடியாது.

அதனால் சின்ன வயசிலிருந்தே எனக்கு ‘ஓரகத்தி’ என்ற சொல் பிடிக்காது. அண்ணன் மனைவிக்குத் தம்பி மனைவி என்ன முறை என்று கேட்டால் அதைத்தான் சொல்ல வேண்டும். எங்கள் தெருவில் அதை ‘ஓரவத்தி’ என்று சொல்லும்போதே ஒரு மாதிரி உதட்டைச் சுழிப்பார்கள். சண்டை வருவதற்கு முன்பே வந்துவிட்டது போல இருக்கும்.

ஆரணிக்கு வாழ்க்கைப்பட்டு வந்தபோது வீட்டில் நான் ஒருத்திதான் மருமகள். கூடத்தில் இரண்டு குழித்தறிகள். ஒன்றில் என் வீட்டுக்காரர், மற்றொன்றில் கொழுந்தனார். கூரையில் ஒரே ஒரு கண்ணாடி ஓடு. அதன் வெளிச்சம் இரண்டு தறிக்கும் நடுவில் விழும், இரண்டு பேருக்கும் போதும். கொழுந்தனாருக்குப் பெண் பார்க்கத் தொடங்கியதுமே சுவர் எங்கே வரும் என்று நான் மனசுக்குள் அளந்து வைத்துவிட்டேன். சரியாக அந்த வெளிச்சத்தின் மேல்தான் வரும். யாரிடமும் சொல்லவில்லை. நான் எதையும் யாரிடமும் சொல்லும் ரகம் இல்லை.

எழுபதுகளின் நடுவில் சின்னவள் வந்தாள். தெள்ளார் பெண். அவள் அப்பா பள்ளிக்கூட வாத்தியார். வேலூரில் ஹாஸ்டலில் தங்கி ஒரு வருஷம் காலேஜ் படித்தவள், டைப்ரைட்டிங்கும் பாஸ் செய்தவள். நான் எட்டாவதோடு நின்றவள். அவள் என்னை “அக்கா” என்று கூப்பிடும்போதெல்லாம், பின்னால் ஏதோ வரப்போகிறது என்று காத்துக்கொண்டிருப்பேன். ஒன்றும் வராது. அதுவே எனக்குக் கவலையாக இருக்கும்.

அவள் வந்த சில வாரங்களில் போளூரில் ஒரு கல்யாணம். பஸ் ஸ்டாண்டில் அவளோடு ஹாஸ்டலில் இருந்த ஒரு பெண்ணைப் பார்த்தோம். சின்னவள் என் தோளில் கை வைத்து அந்தப் பெண்ணிடம் சொன்னாள்:

“இவங்க என் கோ-சிஸ்டர்.”

அந்தப் பெண் என்னைப் பார்த்துச் சிரித்தாள். நானும் சிரித்துவிட்டுத் தரையைப் பார்த்தேன். போளூர் போய்ச் சேரும்வரை அந்தச் சொல் மனசுக்குள் ஓடிக்கொண்டே இருந்தது. சிஸ்டர் என்றால் தெரியும். அதற்கு முன்னால் எதற்கு ஒரு ‘கோ’? முழு சிஸ்டர் இல்லை, கொஞ்சம் குறைவு என்றா? கல்யாணச் சாப்பாடு சரியாக இறங்கவில்லை.

கேட்க எனக்குப் பல நாள் ஆயிற்று. ஒருநாள் கிணற்றடியில் அவளுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, துணி பிழிகிற சாக்கில் கேட்டேன்.

“அன்னிக்கி அந்தப் பொண்ணுகிட்ட என்னை இன்னான்னு சொன்னே?”

“கோ-சிஸ்டர்னு சொன்னேன்கா.”

“அப்டின்னா?”

“ஓரவத்திதான். இங்கிலீஷ்ல.”

கையிலிருந்த துணி நழுவி வாளிக்குள் விழுந்தது. அவள் அதைக் கவனிக்காமல் பேசிக்கொண்டே போனாள்.

“ஹாஸ்டல்ல எல்லாரும் இப்டித்தான் சொல்லுவோம். வார்டன் அம்மாதான் திட்டுவாங்க. இது இங்கிலீஷே இல்லடி, வெள்ளைக்காரனுக்கே தெரியாது, நீங்களா இட்டுக்கட்டிகினு வந்தீங்களான்னு கேப்பாங்க.”

“அப்ப அவங்க ஊர்ல ஓரவத்திக்கு இன்னா சொல்லுவாங்களாம்?”

“சிஸ்டர்-இன்-லா. நாத்தனாருக்கும் அதேதான், அண்ணிக்கும் அதேதான், மச்சினிச்சிக்கும் அதேதான்.”

“எல்லாத்துக்கும் ஒண்ணேவா? ஒரு கல்யாண வூட்ல யாரைக் கூப்புடறாங்கன்னு எப்டித் தெரியும்?”

அவள் கிணற்றுச் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். நான் வேடிக்கைக்குக் கேட்கவில்லை. நிஜமாகவே சந்தேகம்.

‘கோ’ எங்களுக்குப் புதிதும் அல்ல. நெசவாளர் சங்கத்தைத் தெருவில் எல்லோரும் ‘கோ-ஆபரேட்டிவ்’ என்றுதான் சொல்வார்கள். சேர்ந்து செய்கிற இடம். அப்படியானால் இது சேர்ந்து இருக்கிற சிஸ்டர். குறைவு என்று இதில் எதுவும் இல்லை. அன்றைக்குச் சாயங்காலம்தான் போளூர்ச் சாப்பாடு ஜீரணமானது போல இருந்தது.

சொல் எப்படியோ தெருவுக்குப் போய்விட்டது. எதிர்வீட்டு அம்மா வாசல் தெளிக்கும்போது குரல் கொடுப்பாள்.

“இன்னாமே, உன் கோஷிஸ்டரு எழுந்துகிச்சா? இல்ல இங்கிலீஷ்லயே தூங்கிகினு கீதா?”

முதலில் கேலியாகத்தான் இருந்தது. பிறகு கேலி தேய்ந்து சொல் மட்டும் நின்றது. அந்த அம்மாவே தன் ஓரகத்தியை அப்படிச் சொல்ல ஆரம்பித்தாள். ஆண்கள் சகலையைக் ‘கோ-பிரதர்’ என்றார்கள். பட்டுக்குச் சாயம் போடுகிறவர் தன் கூட்டாளியை அப்படிச் சொன்னார், அவர்களுக்குள் எந்த உறவும் கிடையாது. ஒரே கிணற்றில் தண்ணீர் இறைக்கிற இரண்டு வீட்டுக்காரிகள்கூட, நல்ல மனநிலையில் இருந்தால், கோஷிஸ்டர்தான். சண்டை வந்தால் மட்டும் எல்லோரும் பழைய சொல்லுக்குப் போய்விடுவார்கள். ஒரு வீட்டில் அன்றைக்கு எப்படி இருக்கிறது என்பதை, எந்தச் சொல் கேட்கிறது என்பதை வைத்தே சொல்லிவிடலாம்.

என் மாமியார் மட்டும் அதை வாயில் எடுக்கவில்லை. அவருக்கு நாங்கள் ஓரவத்திங்கதான். அதற்கென்று ஒரு சட்டமும் வைத்திருந்தார்: ஓரகத்திகள் இரண்டு பேர் ஒரே பாவில் உட்காரக் கூடாது.

பாவு என்பது தறியில் நீளவாட்டில் ஓடும் இழைகள். ஒரு பாவு முடிந்தால், அதன் நுனிகளோடு புதுப் பாவின் இழைகளைச் சேர்க்க வேண்டும். பழைய இழை ஒன்று, புது இழை ஒன்று. விரலில் சாம்பல் தொட்டு இரண்டையும் முறுக்கிவிட வேண்டும். அதுதான் பிணைப்பு. ஆயிரக்கணக்கான இழைகள், ஒவ்வொன்றும் சீப்பு மாதிரி இருக்கும் அச்சின் இடுக்கு வழியாக வருவது. ஒன்றைத் தவறவிட்டாலும் கடைசியில் காட்டிக்கொடுத்துவிடும். எங்கள் வீட்டுக்குப் பிணைக்க ஒரு அம்மா வருவார். துணைக்கு நான் உட்காருவேன். எங்கள் வீட்டு ஆண்கள் அதில் உட்காருவதில்லை. சின்னவள் பக்கத்தில் நின்று பார்ப்பாள். மிஞ்சின இழைகளை எடுத்து முறுக்கிப் பார்ப்பாள். டைப் அடித்த விரல்கள், சீக்கிரமே பழகிவிட்டன. ஆனால் பாவில் கை வைக்க விடமாட்டார் மாமியார். அவருடைய காலத்தில் அவரும் அவருடைய ஓரகத்தியும் பிணைத்த பாவு, தறி ஓட்டினதும் பொலபொலவென்று விட்டுப்போயிற்றாம். இரண்டு பேரும் முந்தின நாள் சண்டை போட்டவர்கள் என்பதை எதிர்வீட்டு அம்மா எனக்குத் தனியாகச் சொன்னாள்.

ஒரு பங்குனி மாதம், கொழுந்தனார் தறியில் பாவு முடிந்தது. பிணைக்கிற அம்மா தேவிகாபுரத்துக்குத் தேர் பார்க்கப் போய்விட்டார். எப்போது திரும்புவார் என்று தெரியாது. பட்டு கொடுக்கிற முதலாளியோ ஆள் விட்டுச் சொன்னார்: புடவை கேட்டவர்கள் கல்யாணத்தை முன்னால் வைத்துவிட்டார்கள், வெள்ளிக்கிழமை தறி ஓட வேண்டும், முடியாவிட்டால் பாவைத் திருப்பிக் கொடுங்கள், வேறு தறியில் போட்டுக்கொள்கிறோம்.

அன்று வியாழக்கிழமை. காலையில் கொழுந்தனார் என் வீட்டுக்காரரிடம் சொன்னது அடுப்படியில் இருந்த என் காதில் விழுந்தது.

“போன தடவயும் இதே பேஜாரு. பாவு போச்சின்னா தறி சும்மா கெடக்கும். நான் வேலூருக்குப் போயி ஜவுளிக் கடையில நின்னுக்கறேன். அவளயும் கூட்டிகினு போயிடறேன். வந்துபோவ இங்க ஒரு பக்கம் ஒதுக்கி வுட்டாப் போதும்.”

ஒரு பக்கம். எனக்குக் கண்ணாடி ஓட்டு வெளிச்சம்தான் கண்முன் வந்தது. இவ்வளவு நாள் மனசுக்குள் மட்டும் இருந்த சுவருக்கு யாரோ செங்கல் இறக்கிவிட்டது போல இருந்தது.

நான் ஒருத்தியாகப் பிணைத்தால் வெள்ளிக்கிழமைக்குள் முடியாது. கூடத்துக்குப் போய் நின்றேன். சொல்ல வாய் வரவில்லை. அதற்குள் சின்னவள் மாமியார் முன்னால் போய் நின்றுவிட்டாள்.

“அத்த, நானும் அக்காவும் உக்காந்துக்கறோம்.”

“வாணாம். ஓரவத்திங்க கை வெச்சா இழை நிக்காது.”

“ஓரவத்திங்கதானே கூடாது? நாங்க கோ-சிஸ்டரு.”

“பேரை மாத்தினா ஆளு மாறிடுமா?”

“பாத்துடலாம் அத்த. வுட்டுப்போச்சின்னா நாளைக்கே தெள்ளாருக்கு பஸ் ஏறிடறேன்.”

அவள் சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். மாமியார் என்னைப் பார்த்தார்.

“நீ இன்னா சொல்றே?”

நான் அந்தச் சொல்லை அதுவரை ஒருமுறைகூட வாய்விட்டுச் சொன்னதில்லை.

“நானும் உக்காரறேன் அத்த. கோ-சிஸ்டராத்தான்.”

குரல் எலி கத்தின மாதிரி வந்தது. என் வீட்டுக்காரர் தறியை நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்த்தார். மாமியார் அடுப்படிக்குப் போய், சாம்பல் கிண்ணத்தைக் கொண்டுவந்து எங்கள் நடுவில் ணங்கென்று வைத்தார்.

“ஜல்தியா ஆவட்டும்.”

நான் இடது ஓரத்திலிருந்தும் அவள் வலது ஓரத்திலிருந்தும் தொடங்கினோம். நடுவில் சந்திக்க வேண்டும். விரல் ஓட்டம் பிடிபட்ட பிறகு அவள்தான் பேச ஆரம்பித்தாள், கண்ணை எடுக்காமல்.

“கல்யாணத்தப்ப எங்கம்மா இன்னா சொல்லி அனுப்பிச்சாங்க தெரியுமாக்கா? மாமியாரக்கூட சமாளிச்சுடலாம், ஓரவத்திகிட்ட ஜாக்கிரதன்னு.”

“எங்கம்மாவும் அதேதான் எனக்குச் சொன்னாங்க.”

“உங்களப் பாத்ததும் பயந்துட்டேன். பேசவே மாட்டீங்க. மனசுல இன்னா வெச்சிருக்கீங்களோன்னு.”

“நானா? நான் உன்னப் பாத்துல்ல பயந்துகினு கெடந்தேன்.”

“அதான் அன்னிக்கி பஸ் ஸ்டாண்டுல அந்த வார்த்தையச் சொன்னேன். உங்களப் போயி ஓரவத்தின்னு சொல்ல எனக்கு வாய் வரல.”

கண்ணில் தண்ணீர் வந்தால் இழை தெரியாது என்று அடக்கிக்கொண்டேன். பிறந்த வீட்டுச் சுவரைப் பற்றி அன்றைக்குத்தான் முதன்முதலாக ஒருத்தரிடம் சொன்னேன். அவள் “ஜன்னலு யாருக்கு வந்துச்சு?” என்று கேட்டாள். வேறு யாரும் அதைக் கேட்டிருக்க மாட்டார்கள்.

பொழுது சாயும் நேரத்துக்கு நடுவில் வந்து சேர்ந்தோம். கடைசி ஜோடியை அவள் முறுக்கினாள். நிமிர்ந்து பார்த்தோம். புதுப் பாவில் ஒரு அரக்கு இழை தனியாகத் தொங்கியது. அதற்கு ஜோடி இல்லை.

மாமியார் அதற்காகவே காத்திருந்தவர் போல வந்து குனிந்தார்.

“நான் சொன்னனா இல்லியா?”

எங்கேயோ ஒரு இழையை விட்டுவிட்டு அடுத்ததில் சேர்த்திருக்கிறோம் என்றுதான் நினைத்தேன். அப்படியென்றால் அந்த இடம் வரை பிரித்து மறுபடி பிணைக்க வேண்டும். எந்த இடம்? சின்னவள் விரலால் தடவித் தடவித் தன் பக்கத்தைப் பார்த்தாள். நான் என் பக்கத்தைப் பார்த்தேன். எல்லாம் ஜோடியாகத்தான் இருந்தன. அவள் குரலை இறக்கி, “நாளைக்கு மொத பஸ் எத்தினி மணிக்குக்கா?” என்று கேட்டாள். இந்தமுறை சிரிக்கவில்லை.

அப்போது பின்னாலிருந்து ஒரு கனைப்பு. கொழுந்தனார் தலையைச் சொறிந்துகொண்டு நின்றார்.

“அது... அவங்க மேல தப்பில்லம்மா.”

“பின்ன?”

“போன பொடவ முடியறப்ப ஒரு இழை அறுந்துச்சு. ஒரு சாண்தானே பாக்கி, இன்னாத்துக்கு முடி போடறதுன்னு வுட்டுட்டேன். அது அச்ச வுட்டே நழுவிடுச்சு. பழசுல ஒண்ணு கொறையும்.”

என் வீட்டுக்காரர் குழியில் உட்கார்ந்தபடியே வெடித்துச் சிரித்தார். மாமியார் வசவுகளை அவிழ்த்துவிட்டார்.

“ஏன்டா சோம்பேறி! ஒரு முடி போட உனக்குக் கை வலிக்குதா? நீ வேலூருக்குப் போயி கடையில நிக்கப் போறியா? துணிய மடிக்கச் சொன்னா பாதிய மடிச்சுட்டு வந்துடுவியே! பொண்ணுங்க காலைலேருந்து இடுப்பு ஒடிய உக்காந்துகினு கீதுங்க...”

திட்டிக்கொண்டே அவரே கீழே உட்கார்ந்து, காலியாக இருந்த இடத்தைத் தேடிக் கண்டுபிடித்து, அந்த ஒற்றை இழையை அச்சில் கோத்தார். சின்னவள் என் முழங்கையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டிருந்தாள். எனக்குச் சிரிப்பு வந்தது. இரண்டு பேரின் முகத்திலும் சாம்பல்.

வெள்ளிக்கிழமை தறி ஓடியது. பிணைப்பு அச்சைத் தாண்டி வரும்வரை நாங்கள் இருவரும் அடுப்படி வாசலில் நின்று பார்த்தோம். ஒன்றுகூட விடவில்லை. கொழுந்தனார் வேலூர் பேச்சை அதற்குப் பிறகு எடுக்கவில்லை. எடுத்தால் “பாதி மடிக்கறவனே” என்று கூப்பிட மாமியார் தயாராக இருந்தார்.

மாமியாரும் அந்தச் சொல்லுக்கு ஒரு இடம் கொடுத்துவிட்டார். பாவு முடிந்த அன்று மட்டும், “கோஷிஸ்டருங்களா, வந்து உக்காருங்க” என்பார். மற்ற நாட்களில், பால் பொங்கி வழிந்தாலோ விளக்கை அணைக்க மறந்தாலோ, பழையபடி ஓரவத்திங்கதான்.

எண்பதுகளில் சின்னவளின் மகள் பள்ளிக்கூடத்தில் இங்கிலீஷில் என்னைப் பற்றி எழுதும்போது அந்தச் சொல்லைப் போட்டிருக்கிறாள். டீச்சர் சிவப்பு மையில் அடித்துவிட்டார். டிக்ஷனரியில் இல்லையாம். அழுதுகொண்டு வந்தவளிடம் சின்னவள், “டீச்சர் சொல்றது கரெக்டுதான். பரீட்சையில எழுதாத, வூட்ல சொல்லிக்க” என்றாள்.

தொண்ணூறுகளில் கூடத்துக்குப் புதுத் தரை போட்டோம். கொத்தனார் இரண்டு தறிகளையும் சுற்றிப் பார்த்துவிட்டு, “வேல நடக்கறப்பவே நடுவுல ஒரு சுவர் எழுப்பிட்டா ரெண்டு குடும்பத்துக்கும் வசதியா இருக்குமே?” என்றார். நல்ல எண்ணத்தில்தான் சொன்னார். எனக்கு ஒரு கணம் பழைய பயம் வந்தது. சின்னவள் என்னைப் பார்த்தாள். நாங்கள் வாயைத் திறப்பதற்குள் உள்ளேயிருந்து மாமியாரின் குரல் வந்தது.

“கோஷிஸ்டருங்க வூட்ல சுவரு இன்னாத்துக்குப்பா? மேல இன்னொரு கண்ணாடி ஓடு போடு. எனக்குக் கண்ணு தெரியல.”