பெர்லின் பேசும்படத்தில் ஓர் ‘அங்கிட்டு’

பெர்லினில் சிரிக்கப் போவதென்றால்கூட மேல்கோட்டைக் கழற்றி வாசலில் கொடுத்து, எண் போட்ட அடையாள வில்லை வாங்கிக்கொண்டுதான் உள்ளே நுழைய வேண்டும். நேற்று நானும் கொடுத்துவிட்டு, பெரிய படத்துக்கு முன்னால் ஓட்டும் பத்து நிமிஷச் சிரிப்புப் படத்துக்காகக் காத்திருந்தேன். சும்மா இல்லை, நம் சமஸ்தானத்து ஜனங்களே! பொன்னமராவதியில் பிறந்து, கப்பலில் சமையலாளாக வந்து, இங்கே ஓட்டல் அடுப்படியில் வேகிற நான் அந்தப் படத்தில் பேசியிருக்கிறேன்.

இங்கே பேசும்படம் வந்த புதிது. கதை இதுதான்: ஒரு குண்டு மனிதர் தம் கல்யாணத்துக்குப் போக ரயிலடியைத் தேடி அலைகிறார். எல்லோரும் தப்பு வழி காட்டுகிறார்கள். கடைசியில் ஓர் இந்தியனைக் கேட்கிறார். அந்த இந்தியன் நான். என்ன பேச வேண்டும் என்று டைரக்டரைக் கேட்டேன்.

“வாயில் வந்ததை உளறு. ப்ளா ப்ளா, அவ்வளவுதான்.”

எனக்குச் சுருக்கென்றது. நம் ஊர் நாடகத்தில் பபூன் துரை வேஷம் கட்டித் ‘தஸ்ஸு புஸ்ஸு’ என்று கத்துவான். விழுந்து விழுந்து சிரித்திருக்கிறோம். இப்போது என் தமிழ் இவர்களுக்குத் தஸ்ஸு புஸ்ஸா? வேலை போனால் போகட்டும் என்று, காமிரா ஓடியதும் உள்ள வழியையே சொன்னேன்.

“இங்கிட்டுப் போகாதீங்க. அங்கிட்டுத் திரும்பி நேராப் போங்க, ரயிலடி வந்துரும்.”

“நிறுத்து! இது பேச்சு மாதிரி இருக்கிறது. எனக்கு உளறல் வேண்டும்!” என்று டைரக்டர் கத்தினார்.

“பேச்சேதான், ஐயா,” என்றேன் அரைகுறை ஜெர்மனில். வேறு ஆளைக் கூப்பிடச் சொல்லிவிட்டார்.

குண்டு நடிகர் என் பக்கம் வந்து, என்ன சொன்னாய் என்று கேட்டார். சொன்னேன். வயிறு குலுங்கச் சிரித்தார்.

“அடடா! சரியான வழி சொல்வது இவர் ஒருவர்தான். அது புரியாமல் நான் எதிர்ப்பக்கம் ஓடுகிறேன். முட்டாள் நானல்லவா? இதை மாற்றாதீர்கள்!”

டைரக்டர் முணுமுணுத்தபடி ஒப்புக்கொண்டார். நல்ல மனுஷன் அந்தக் குண்டு நடிகர். நன்றாக இருக்க வேண்டும்.

நேற்று அந்தப் பெரிய கொட்டகையில் என் தமிழ் ஓர் எழுத்துக் குறையாமல் கேட்டது. எனக்கு நெஞ்சு நிமிர்ந்துவிட்டது, மறைப்பானேன்? குண்டு நடிகர் எதிர்ப்பக்கம் ஓடினார். சபை அவரைப் பார்த்துச் சிரித்தது. எனக்கோ சிரிப்பு வரவில்லை, பதற்றம்தான் வந்தது. “அட, அங்கிட்டுங்க!” என்று இருட்டில் கத்திவிட்டேன்.

பக்கத்து நாற்காலி அம்மாள் ‘உஷ்’ என்று திரும்பினாள். என் முகத்தைப் பார்த்தாள், திரையைப் பார்த்தாள்.

“அங்கே நிற்பது நீங்களா?”

திரையில் நான் இன்னும் அவர் பின்னால் தமிழில் கூவிக்கொண்டிருந்தேன். நாற்காலியில் இருந்த நான் அவளுக்கு ஜெர்மனில், “யா,” என்றேன்.