காம்பஸைக் கும்பிட வைத்த தகடு

போன வெள்ளிக்கிழமை ஆவூரிலிருந்து ஜெகதாப்பட்டினத்துக்கு பைக்கில் போய் வந்தேன். ஊர் சுற்றுகிற ஆசையில் இல்லை. என் தங்கை அமலி போன் செய்து, "வர்ற வழியில வல்லத்திராக்கோட்டையில ஒரு தகடு வாங்கிட்டு வாங்கண்ணே. நாளைக்குக் கடலுக்குப் போறாரு, அது இல்லாம போக மாட்டேங்கிறாரு" என்றாள். அவர் என்றால் அவள் வீட்டுக்காரர் ஆரோக்கியம். விசைப்படகு ஓட்டுகிறவர்.

அந்தத் தகடு எங்கே கிடைக்கும், எப்படிப் போவது என்று இந்தப் பக்கத்திலேயே சிலர் கேட்டிருந்தீர்கள். அதனால் விவரமாகவே எழுதுகிறேன். பெயர் தெரியாத ஏதோ ஒரு அரசரின் மாலுமிகள் வைத்திருந்ததாம். செம்பில் யாருக்கும் புரியாத எழுத்து வெட்டியிருக்குமாம். அது இருக்கிற படகு இலங்கை ரோந்துக் கப்பல்காரன் கண்ணுக்கே தெரியாதாம். கேட்கும்போதே எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. காதில் பூ சுற்றுவதற்கும் ஒரு அளவு வேண்டாமா?

"துணியை மட்டும் பிரிச்சிராதீங்க. சூசை பிரிச்சுப் பாத்ததுனாலதான் அவரு போன படகே மாட்டுச்சு" என்றும் சொல்லியிருந்தாள். சூசை ஆரோக்கியத்தின் கூட்டாளி. எல்லை தாண்டியதாகப் பிடிபட்டு, கூடப் போனவர்களோடு அக்கரைச் சிறையில் கிடக்கிறார். அவரால்தான் எல்லாரும் மாட்டினார்கள் என்று தெருவே அவர் மனைவி ஸ்டெல்லாவோடு பேசுவதை நிறுத்திவிட்டது. என் தங்கையும்தான்.

ஆவூரிலிருந்து புதுக்கோட்டை ஏறக்குறைய இருபத்தைந்து கிலோமீட்டர். டவுனில் இட்லி சாப்பிட்டுவிட்டுக் கிளம்பினால் வல்லத்திராக்கோட்டை அரை மணி நேரம். வயல்களைத் தாண்டி ஊர்க்கோடியில் இருக்கிறது தகட்டுக்காரர் வீடு. வழி கேட்கவே வேண்டாம், வாசலில் நிற்கிற கார்களே காட்டிக்கொடுக்கும். கண்மாய் தூர் வாரும்போது ஒரு பானை நிறையத் தகடு கிடைத்தது என்றார். நான் போனபோது எனக்கு முன்னால் எட்டுப் பேர் உட்கார்ந்திருந்தார்கள். எடுக்க எடுக்கக் குறையாத பானை போலிருக்கிறது.

சிவப்புத் துணியில் வைத்துத் தைத்த பொட்டலத்தை ஒரு காம்பஸ் பக்கத்தில் கொண்டுபோனார். ஊசி மெல்லத் திரும்பி அதைப் பார்த்து நின்றது. "பாத்தீங்களா, ஊசியே கும்பிடுது!" உட்கார்ந்திருந்தவர்கள் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். என் மனசு மட்டும் இல்லை இல்லை என்றது. ஆனால் எது இல்லை என்று அப்போது பிடிபடவில்லை.

"படகுல காம்பஸ் பக்கத்துலயே வைக்கச் சொல்லுங்க. ஜிபிஎஸ் பெட்டிய அமத்திரணும், கரண்டு சாமானுக்கும் இதுக்கும் ஆகாது. துணியப் பிரிச்சா அதோட சரி."

"பிரிக்காம மாட்டுனவங்க யாராச்சும் இருக்காங்களா?"

"சந்தேகப்பட்டா வேலை செய்யாதுங்க" என்று அடுத்த ஆளைக் கூப்பிட்டுவிட்டார். ஆயிரத்து ஐந்நூறு ரூபாய். ரசீது கிடையாது.

பொட்டலத்தை பைக்கின் டேங்க் பையில் போட்டேன். அதற்கு மேல்தான் போன் ஸ்டாண்டு. அறந்தாங்கியில் டீக்கு நிறுத்தினேன். டீ பன்னிரண்டு ரூபாய், வெந்நீரில் சர்க்கரை, தவிர்க்கலாம். அங்கே போனில் காம்பஸைத் திறந்து பார்த்தால் சூரியன் மேற்கே உதித்திருக்கிறது. பையைக் கழற்றித் தள்ளி வைத்தேன், சரியாகிவிட்டது. மறுபடி மாட்டினேன், மறுபடி கோணல். செம்புக்கு ஏது இந்த வேலை? ஜிபிஎஸ்ஸை ஏன் அணைக்கச் சொன்னார் என்பது அப்போதுதான் உறைத்தது. அது ஓடினால் காம்பஸ் சொல்கிற பொய் தெரிந்துவிடுமே! மணமேல்குடி போய்க் கிழக்குக் கடற்கரைச் சாலையில் தெற்கே திரும்பினேன். நல்ல சாலை, நல்ல காற்று என்று எழுத ஆசைதான். எதுவும் கண்ணில் படவில்லை.

ஆரோக்கியம் படகுத்துறையில் ஐஸ் ஏற்றிக்கொண்டிருந்தார். கையோடு அவரைப் படகின் கேபினுக்குள் இழுத்துப்போனேன், அமலியும் பின்னாலேயே வந்தாள். பொட்டலத்தைக் காம்பஸ் பக்கத்தில் வைத்தேன். ஊசி நகர்ந்தது.

"சக்தியுள்ள தகடுதான் மச்சான்" என்றார் பயபக்தியாக.

"இருங்க மாப்ள" என்று தையலை அறுத்தேன். அமலி, "ஐயோ, மாதாவே!" என்று என் கையைப் பிடித்தாள். ஆரோக்கியத்துக்கு முகம் சிவந்துவிட்டது. "என் பொழப்புல மண்ணப் போடவா அங்கிட்டிருந்து வந்தீங்க?"

உள்ளே கிறுக்கல் வெட்டிய செப்புத் தகடு. அதன் முதுகில் மெழுகு வைத்து ஒட்டிய காந்தம், பழைய ரேடியோ ஸ்பீக்கரில் இருக்குமே, அது. பிய்த்து எடுத்தேன். தகட்டை மட்டும் காம்பஸ் பக்கத்தில் வைத்தேன், ஊசி அசையவில்லை. காந்தத்தை நீட்டினேன், திரும்பியது.

ஆரோக்கியம் அதை வாங்கி, கிட்டே கொண்டுபோவதும் எடுப்பதுமாக இருந்தார். "ஜிபிஎஸ்ஸ அமத்திட்டு ராத்திரியில இத நம்பிப் போனா, தெக்கால போறோம்னு நெனச்சுக் கிழக்கால போயிருப்போம். நேரா அவன் வாயிலதான்." காந்தத்தைக் கீழே வைத்தார். பிறகு, "சூசை பிரிச்சதுனால மாட்டல" என்றார்.

மூன்று பேருமாக ஸ்டெல்லா வீட்டுக்குப் போனோம். ஆரோக்கியம் காந்தத்தை நீட்டி விஷயத்தைச் சொன்னார். அமலி தலையைக் குனிந்துகொண்டு நின்றாள். ஸ்டெல்லா அந்தக் காந்தத்தைத் தொடக்கூட இல்லை.

"அவரு அதப் பிரிக்கவே இல்லைன்னு அன்னைக்கே சொன்னேன்ல அமலி."

அமலி அழுதாள். ஸ்டெல்லா அழவில்லை, உட்காரச் சொல்லவும் இல்லை. மறுநாள் ஆரோக்கியம் ஜிபிஎஸ்ஸைப் போட்டுக்கொண்டு கடலுக்குப் போய்த் திரும்பிவிட்டார். அதற்குள் காந்தம் தெரு முழுக்கக் கைமாறியிருந்தது. இன்னும் இரண்டு படகுகளில் பொட்டலத்தைப் பிரித்துவிட்டார்கள். மற்றவர்கள் பிரிக்கப் பயப்படுகிறார்கள்.

வல்லத்திராக்கோட்டைக்குப் போகத்தான் போகிறேன் என்பவர்கள் போனில் காம்பஸைத் திறந்து வைத்துக்கொண்டு போங்கள். ஜெகதாப்பட்டினத்துக்குக் காலையிலேயே போய்விடுவது நல்லது, மதியத்துக்கு மேல் நிழல் கிடையாது. கருவாடு வாங்குவதென்றால், ஐஸ் பிளாண்ட் சுவரோரம் வரிசையில் எல்லாரையும் விட்டுத் தள்ளி, கடைசியில் தனியாக ஒருவர் உட்கார்ந்திருப்பார். அவரிடம் வாங்குங்கள். அவர்தான் ஸ்டெல்லா.