முதலாளியின் கை

லேத் பட்டறைக்காரரை அந்தத் தெருவில் எல்லோரும் முதலாளி என்றுதான் கூப்பிடுவார்கள். பாதி மரியாதை, பாதி கேலி. நாலு பேருக்குச் சம்பளம் கொடுத்த காலத்தில் ஒட்டிக்கொண்ட பெயர். அந்த நாலு பேரும் வேலையை விட்டு நின்று எட்டு மாதம் ஆகிறது. இப்போது இருக்கிற ஒரே மெஷினை ஓட்டுவது, பில் போடுவது, கூட்டிப் பெருக்குவது எல்லாம் அவரேதான்.

பேங்க் கடன் பெண்டாட்டியின் ஆபரேஷனுக்கு வாங்கியது. அவள் பிழைத்துக்கொண்டாள். கடன்தான் வளர்ந்துகொண்டே போனது. கோர்ட் மாதத் தவணையாகக் கட்டச் சொன்னது. மூன்று தவணை கட்டினார். அதற்குமேல் முக்கிப் பார்த்தும் முடியவில்லை. ஜப்தி உத்தரவு வந்ததும் வக்கீல் ஒன்றே ஒன்று சொல்லி அனுப்பினார்.

“கையால உழைச்சுச் சாப்பிடுறவனோட கருவியை எடுக்கக் கூடாதுன்னு சட்டத்துல இருக்கு. நான்தான் ஓட்டுறேன், வேற ஆள் இல்லன்னு சொல்லுங்க. வேற எதையாவது உளறி வைக்காதீங்க.”

செவ்வாய்க்கிழமை பகல் பதினோரு மணிக்கு ஜப்தி செய்யக் கோர்ட் அமீனா வந்தார். கூட ஒரு பேங்க் ஆள். வாசலில் லாரி.

வந்த நேரம்தான் சரியில்லை. மகளுக்குப் பேசி முடித்திருந்த மாப்பிள்ளையின் அப்பா பத்து நிமிஷம் முன்னால் வந்து ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் ஏதோ வேலையாம், அப்படியே பட்டறையையும் ஒரு எட்டு பார்க்கலாம் என்று வந்துவிட்டார். பெண் பார்க்க வந்தபோது அவரிடம் சொன்னது, நாலு பேர் வேலை பார்க்கிற பட்டறை என்று. ஆட்கள் எங்கே என்று கேட்டதற்கு, “டீ குடிக்கப் போயிருக்கானுங்க” என்று புளுகியாகிவிட்டது. முதலாளியின் கழுவாத கை இரண்டும் பேண்ட் பைக்குள் இருந்தன.

அமீனா வயதானவர். மெஷினை ஒரு சுற்றுச் சுற்றினார். பாதி கடைந்த ஷாஃப்டைத் தொட்டார். இன்னும் சூடு ஆறவில்லை.

“இதை ஓட்டுறது நீங்கதானே?”

அந்தத் ‘தானே’யில் மனிதர் ஒரு கதவைத் திறந்து வைத்திருந்தார். முதலாளிக்கு அது புரியாமல் இல்லை.

“யாரு சம்பந்தி இவங்க?” என்று ஸ்டூலில் இருந்தவர் எழுந்தார்.

“ஒண்ணுமில்ல. பேங்க்ல ஒரு சின்னக் கணக்கு.”

“கேட்டதுக்குச் சொல்லுங்க” என்றார் அமீனா. “தினம் இதுல நிக்கிறது யாரு?”

“ஆளுங்க இருக்காங்க சார். நாலு பேரு. நான் மெஷின் பக்கமே போறதில்ல.”

பேங்க் ஆள் தலையாட்டினார். அமீனா பேனாவை எடுக்கவில்லை. “யோசிச்சுச் சொல்லுங்க. எழுதிட்டா எழுதினதுதான்.”

முதலாளி சம்பந்தியைப் பார்த்தார். பிறகு தரையைப் பார்த்தார்.

“சொன்னதுதான் சார்.”

எழுதி முடித்து, கையெழுத்துக்கு நீட்டினார் அமீனா. இனி கையை வெளியே எடுத்துத்தான் ஆக வேண்டும். நகத்துக்குள் எல்லாம் கறுப்பு. காகிதத்தைப் பிடித்த இடத்தில் கட்டைவிரல் ரேகை எண்ணெயோடு அச்சாகப் பதிந்தது. அமீனா அதை ஒரு நிமிஷம் பார்த்துவிட்டு, “என்னய்யா நீங்க” என்று முணுமுணுத்துக் காகிதத்தை மடித்தார்.

போல்ட்டைக் கழற்றி, சங்கிலி போட்டு, மெஷினை லாரியில் ஏற்ற ஒரு மணி நேரம் ஆனது. பாதி கடைந்த ஷாஃப்ட் வாடிக்கைக்காரருடையது என்பதால் அதை மட்டும் ஸ்டூலில் வைத்துவிட்டுப் போனார்கள்.

சம்பந்தி அதுவரை ஓரமாக நின்றிருந்தார். “மெஷின் போனது போகட்டும். வந்ததுலேருந்து நாலு பேரு, நாலு பேருன்னீங்களே. டீ குடிக்கப் போன ஒருத்தனையும் இன்னும் காணோம். வேற எதெல்லாம் இப்படிச் சொன்னாங்கன்னு வீட்ல கேப்பாங்க. நான் என்ன பதில் சொல்றது?”

சம்பந்தி செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டார்.

போன் அடித்தது. பெண்டாட்டி.

“சம்பந்தி அங்க வந்திருக்காராமே. சாப்பிடக் கூட்டிட்டு வாங்க. ஆளுங்க எங்கன்னு கேட்டா, டீ குடிக்கப் போயிருக்காங்கன்னு சொல்லிடுங்க.”

“சொல்லிட்டேன்” என்றார்.