அம்மாவின் முழங்காலும் என் இங்கிலீஷும்

எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடத்துக்குள் நுழைந்த முதல் ஆள் நான். இதை நான் அடக்கமாகச் சொல்லிப் பழகியதில்லை. அப்பா வள்ளத்தில் கடலுக்குப் போகிறவர். அம்மா மீன் விற்கிறவள். இருவருக்கும் கைநாட்டு. இராஜாக்கமங்கலம் பக்கத்தில் எங்கள் கடற்கரைத் தெருவில் யாருக்கு எந்தக் காகிதம் வந்தாலும் அது என்னிடம்தான் வரும். வாசித்துச் சொல்வேன். அதற்குமேல் நாலு வரி விளக்கமும் சொல்வேன். அந்த நாலு வரியை யாரும் கேட்கவில்லை என்பது எனக்கு வெகுநாள் தெரியவில்லை.

பி.காம். முடித்து, 2012இல் நாகர்கோவிலில் ஒரு தனியார் நிறுவனத்தில் வேலைக்குச் சேர்ந்தேன். மூன்றாம் மாதம் எல்லோருக்கும் மருத்துவக் காப்பீட்டு அட்டை கொடுத்தார்கள். அப்பா அம்மாவின் பெயரும் அதில் உண்டு. அன்று சாயங்காலம் பஸ்ஸை விட்டு இறங்கியதிலிருந்து வீடு வரைக்கும் அந்த அட்டையை நான் பைக்குள் வைக்கவில்லை. கையில் பிடித்துக்கொண்டே நடந்தேன், வழியில் யாராவது என்னவென்று கேட்பார்கள் என்று. கேட்டார்கள்.

"ஆஸ்பத்திரியில காட்டுனா போதும். எல்லாம் அவிய பாத்துக்கிடுவாவ," என்றேன். அந்தப் பாலிசியின் முப்பத்திரண்டு பக்கத்தில் அப்போது நான் வாசித்திருந்தது அட்டையின் முன்பக்கம் மட்டும்.

அட்டை யாருக்காக வந்ததோ அந்த ஆள் அம்மாதான். அவளுடைய வலது முழங்கால் வெளிப்பக்கமாக வளைந்துவிட்டது. இடதும் அந்த வழிக்குப் போய்க்கொண்டிருந்தது. மீன் சருவத்தைத் தலையில் வைத்து ஊர் ஊராக நடந்தவள், ரெண்டு வருஷமாகச் சந்தையில் ஒரே இடத்தில் உட்கார்ந்து விற்றாள். எழுந்திருக்க ரெண்டு பேர் கைகொடுக்க வேண்டும். சந்தைக்குப் போவது நின்றால் அம்மா என்ன ஆவாள் என்று வீட்டில் யாரும் பேசிக்கொள்ளவில்லை. பேசாமலே எல்லோருக்கும் தெரியும்.

எலும்பு டாக்டர் எக்ஸ்ரேயைப் பார்த்தார். பிறகு அம்மாவை எடை மெஷினில் ஏறச் சொன்னார். தொண்ணூற்று மூன்று கிலோ.

"மூட்டு மாத்தலாம். ஆனா எண்பத்தஞ்சுக்கு வரணும். இந்த எடையில வச்சா புது மூட்டு நிக்காது, மயக்க மருந்துக்கும் ரிஸ்க்," என்றார்.

அதே வாரம் அலுவலகத்தில் இன்னொரு செய்தி வந்தது. மார்ச் முப்பத்தொன்றோடு பாலிசி முடிகிறது. புதிய பாலிசியில் பெற்றோர் கிடையாது. அப்போது நவம்பர் கடைசி. நாலு மாதத்தில் எட்டு கிலோ. முடியாவிட்டால் அந்த ஆபரேஷனை எங்கள் கைக்காசில் நினைத்துப் பார்க்கவே முடியாது.

டாக்டர் ஒரு மாத்திரை எழுதிக் கொடுத்தார். மூன்று வேளையும் சாப்பாட்டோடு. சாப்பாட்டிலிருக்கிற கொழுப்பை உடம்பில் சேரவிடாமல் வெளியே தள்ளிவிடும் என்று விளக்கினார். மருந்துக் கடையில் விலையைக் கேட்டு நான் திடுக்கிட்டதை அம்மா கவனித்துவிட்டாள். "கார்டு இருக்குல்லா?" என்றாள். "இருக்கே," என்றேன், மிகுந்த கம்பீரத்தோடு.

அன்றுதான் பாலிசியைத் திறந்தேன். ஆபரேஷனுக்கு முந்தைய அறுபது நாள் மருந்துச் செலவும் உண்டு என்று பதினோராம் பக்கத்தில் ஒரு வரி இருந்தது. அதற்குக் கீழே பென்சிலால் கோடு போட்டுப் படிப்பதை நிறுத்திக்கொண்டேன். எனக்கு வேண்டியது கிடைத்துவிட்டதே. பில்லையும் மருந்துச் சீட்டையும் இணைத்து அனுப்பினேன். மூன்று வாரத்தில் பதில் வந்தது: உடல் எடை குறைப்பதற்கான மருந்துகள் பாலிசியில் அடங்காது, பக்கம் இருபத்தைந்து பார்க்கவும்.

அவர்கள் கொடுத்திருந்த எண்ணுக்குப் போன் செய்தேன். எடுத்த பெண் சென்னைக்காரி மாதிரிப் பேசினாள்.

"எடை குறைக்கிற மருந்து வராது மேடம்."

"இது அழகுக்காக இல்லீங்க. எடை குறைஞ்சாத்தான் ஆபரேஷன்."

"ஆபரேஷன் வரும் மேடம்."

"எடை குறையாம ஆபரேஷன் செய்யமாட்டாங்க."

"அது டாக்டர்தான் முடிவு பண்ணணும் மேடம். வேற ஏதாவது உதவி வேணுமா?"

வீட்டில் இதைச் சொல்லவில்லை. "புராசஸ்ல இருக்கு," என்றேன். அந்தச் சொல் அம்மாவுக்குப் புரியாது என்பதுதான் அதிலுள்ள வசதி.

இதற்கிடையில் மாத்திரை தன் வேலையைக் காட்டத் தொடங்கியிருந்தது. என்ன சாப்பிடுகிறாள் என்று பதினைந்து நாள் எழுதிக்கொண்டு வரச் சொல்லியிருந்தார்கள் ஆஸ்பத்திரியில். ஸ்கேல் வைத்துக் கோடு போட்டு, ஒவ்வொரு வேளைக்கும் ஒரு கட்டம் போட்டு நானே எழுதினேன். காலை, புட்டு. மதியம், சோறு, மீன் கறி, பயறு துவரன். இரவு, கஞ்சி, மீன் அவியல். கடைசிக் கட்டத்தில், எண்ணெய் என்ற தலைப்புக்குக் கீழே, பதினைந்து நாளும் "இல்லை" என்று எழுதினேன். பொய் இல்லை. மீன் பொரிப்பதைக்கூட நிறுத்தியிருந்தோம். ஆனாலும் அம்மா ஒருநாளைக்கு ஐந்து தடவை கக்கூசுக்கு ஓடினாள். எடை முக்கால் கிலோதான் குறைந்திருந்தது.

எனக்கு மருந்தின் மேல் சந்தேகம் வந்தது. நானும் ஒன்றும் ஒல்லி இல்லை. எண்பத்தொன்று இருந்தேன். சோதித்துப் பார்த்தது மாதிரியும் ஆகும், ரெண்டு கிலோ போனால் நல்லதுதானே என்று அம்மாவின் மாத்திரையில் ஒன்றை எடுத்து, காலையில் புட்டோடு விழுங்கிவிட்டு ஆபீசுக்குப் போனேன். அன்றைக்கென்று பார்த்து வெளிர் மஞ்சள் சுடிதார். பதினோரு மணிக்கு ஒரு தும்மல் வந்தது. அவ்வளவுதான். அதற்குப் பிறகு அன்று முழுதும் நான் நாற்காலியை விட்டு எழவில்லை. மேனேஜர் வந்து கூப்பிட்டபோதும் ஏதோ அவசர வேலையில் மூழ்கியிருப்பதுபோல் கம்ப்யூட்டரையே பார்த்துக்கொண்டிருந்தேன். எல்லோரும் போன பிறகு ஷாலை இடுப்பில் சுற்றிக்கொண்டு பஸ் ஏறினேன். பாதி சீட்டு காலி.

"சீட்டு கெடக்குல்லா, இரி பிள்ளே," என்றார் கண்டக்டர்.

"வேண்டாம் அண்ணே."

"எறங்க முக்கா மணிக்கூர் ஆவும்."

"நின்னே பழகிப்போச்சு," என்றேன். பட்டதாரி சொல்லக்கூடிய பதில்தானா அது என்று வீடு வரும்வரை யோசித்தேன்.

அடுத்த முறை ஆஸ்பத்திரிக்குப் போனபோது உணவுப் பிரிவிலிருந்த பெண், நான் கோடு போட்ட தாளை மெச்சினாள். எனக்கு மனம் குளிர்ந்தது. பிறகு கேட்டாள்: "மீன் கறிக்கு என்ன அரைப்பியோ?"

"தேங்காதான்."

"எத்தனை தேங்கா?"

"ஒண்ணு. பெரிய மீன்னா ஒண்ணரை."

"துவரனுக்கு?"

"அது அரைமூடி. புட்டுக்கு ஒரு மூடி. ஆனா எண்ணெய் ஒரு சொட்டு ஊத்தமாட்டோம் மேடம்."

அவள் பேனாவை மூடி வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். "நீங்க என்ன படிச்சிருக்கிய?"

"பி.காம்."

"தேங்காயெண்ணெய் எதிலேருந்து எடுக்காவ?"

எங்கள் ஊரில் தேங்காய் என்பது தேங்காய், எண்ணெய் என்பது எண்ணெய். ஒன்று அம்மியில் இருப்பது, மற்றது குப்பியில் இருப்பது. செக்குக்குப் போகாத தேங்காய்க்குள்ளும் அதே எண்ணெய்தான் இருக்கிறது என்று இருபத்துமூன்று வயதுவரை எனக்குத் தோன்றியதே இல்லை. பதினைந்து நாளும் "இல்லை" என்று அழகான கையெழுத்தில் எழுதியிருந்தேன்.

வீட்டுக்கு வந்து தேங்காயை நிறுத்தச் சொன்னேன். அம்மா அடுப்பைப் பார்த்தபடியே, "தேங்கா அரைக்காத மீன் கறிய திங்கதுக்கு நான் நொண்டியாட்டே இரிக்கேன்," என்றாள். கொழுப்பு, கலோரி, அமிலம் என்று அரைமணி நேரம் வகுப்பெடுத்தேன். அவள் எனக்குச் சோறு போட்டுக் கறியை ஊற்றினாள். தேங்காய் அரைத்த கறி. அதையும் நான் சாப்பிட்டேன். வகுப்பு அத்தோடு முடிந்தது.

மாத்திரையும் ஜனவரியோடு முடிந்தது, அம்மா எண்பத்தொன்பதில் நின்றாள். மேற்கொண்டு வாங்க என் சம்பளத்துக்குத் தெம்பில்லை. அந்தக் கோபத்தில்தான் உட்கார்ந்து கடிதம் எழுதினேன், காப்பீட்டு நிறுவனத்துக்கு, இங்கிலீஷில், ரெண்டு பக்கம். என் வாழ்நாளில் அதற்கு முன்னும் பின்னும் அப்படி எழுதியதில்லை. என் தாயாரின் முழங்கால் நாசமானதற்கு முழு முதற் காரணம் உடல் பருமனே. ஆகவே பருமனைக் குறைக்கும் மருந்து முழங்கால் மருந்தே. முழங்காலுக்குப் பணம் தருகிறவர்கள் இதற்குத் தராமலிருப்பது நியாயமாகாது. "ஆகவே" என்பதற்கு மட்டும் நாலு விதமான சொற்கள் போட்டிருந்தேன். ஆபீசில் ரெண்டு பேருக்கு வாசித்துக் காட்டிவிட்டுப் பதிவுத் தபாலில் அனுப்பினேன். பதில் வரவில்லை. அவர்கள் வாயடைத்துப் போய்விட்டார்கள் என்று நினைத்துக்கொண்டேன்.

பிப்ரவரியில் ஈஸ்டருக்கு முந்தைய நாற்பது நாள் தவசு காலம் வந்தது. சாம்பல் புதன் பூசை முடிந்து நெற்றியில் சாம்பலோடு வந்த அம்மா, அரிவாள்மனையைக் கழுவிக் கவிழ்த்து வைத்தாள். "உயிர்ப்பு ஞாயிறு வரைக்கும் எனக்குத் தேங்கா இல்ல. நேர்ந்தாச்சு," என்றாள்.

"நான் சொன்னப்போ கேட்டியா?"

"நீ டாக்டருக்குச் சொன்ன. இது ஆண்டவருக்கு."

ஒவ்வொரு தவசு காலத்திலும் எதையாவது ஒறுத்துவிடுவது எங்கள் வழக்கம். இறைச்சியை விடுவார்கள், டீயை விடுவார்கள், ஆண்கள் பீடியை விடுவார்கள். தேங்காயை விட்டவரை நான் கேள்விப்பட்டதில்லை. புளியும் மிளகும் போட்டுத் தண்ணிக் கறி வைத்து, அதைத் தின்ன முடியாமல் பாதிச் சோற்றோடு எழுந்துவிடுவாள். நானும் கூடவே நேர்ந்துகொண்டேன். நாலாம் நாள் ஆபீசில் ஒருத்தி கொண்டுவந்த இறால் துவரனோடு என் தவம் நிறைவெய்தியது.

மார்ச் இரண்டாம் வாரம் மெஷினில் ஏறினாள். எண்பத்து நாலரை. டாக்டர் தேதி குறித்தார், மார்ச் இருபத்தேழு. ஆஸ்பத்திரியிலிருந்து காப்பீட்டு நிறுவனத்துக்கு அனுமதி கேட்டு எழுதினார்கள். ரெண்டு நாள் கழித்து டாக்டர் என்னைக் கூப்பிட்டு அனுப்பினார். மேசையில் ஒரு தாள் இருந்தது. நோயாளியின் மகள் எழுதிய கடிதத்தின்படி முழங்கால் தேய்மானத்துக்கு முழு முதற் காரணம் உடல் பருமன் என்று தெரிகிறது, பருமனால் வரும் சிகிச்சைகள் பாலிசியில் அடங்காது, விளக்கம் தேவை.

"இந்த லெட்டரை எழுதுனது யாரு?"

"நான்தான் சார்."

"நல்ல இங்கிலீஷ்," என்றார். அதைவிட அவர் என்னை அடித்திருக்கலாம்.

அம்மா பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். என் முகத்தைப் பார்த்து, "என்னவாம்?" என்றாள். இந்தத் தடவை புராசஸ் என்று சொல்ல முடியவில்லை. மருந்துக்கு அவர்கள் எப்போதோ மறுத்துவிட்டதையும், நான் எழுதிய கடிதத்தால் ஆபரேஷனே நின்றுபோகலாம் என்பதையும் சொன்னேன். அவள் தன் முழங்காலைத் தடவியபடி டாக்டர் பக்கம் திரும்பினாள்.

"தடிச்சு வண்ணம் வச்சதுனால வந்த வலி இல்ல சார் இது. நான் மெலிஞ்சு இரிக்கச்சிலேயே உண்டு. வலிச்சு நடக்காம ஆனதுக்குப் பொறவுதான் வண்ணம் வச்சேன்."

"அதுக்கு ஏதாவது ரெக்கார்டு இருக்காம்மா? பழைய சீட்டு, எக்ஸ்ரே?"

"என்ன இருக்குன்னு எனக்குத் தெரியுமா? எல்லாம் இருக்கு."

மறுநாள் அரிசிப் பானைக்குப் பின்னாலிருந்து ஒரு துணிக்கடைப் பையை எடுத்துத் தரையில் கொட்டினாள். கடலாசு என்று நாங்கள் சொல்லும் காகிதங்கள், பத்து வருஷத்துக்கானவை. கரண்ட் பில், கல்யாணப் பத்திரிகை, சோப்பு விளம்பரம், என் ஏழாம் வகுப்பு மார்க் லிஸ்ட். எது முக்கியம் என்று படிக்கத் தெரியாததால் எதையுமே அவள் எறிந்ததில்லை. ரெண்டு மணி நேரம் நான் உட்கார்ந்து வாசித்தேன். முதல்முறையாக எல்லா வரியையும் வாசித்தேன். அடியில் கிடைத்தது. சுனாமிக்கு அடுத்த மாதம் பள்ளிக்கூடத்தில் நடந்த மருத்துவ முகாமின் சீட்டு. வலது முழங்கால் வலி, மூட்டுத் தேய்மானம், தலைச்சுமைத் தொழில். எடை ஐம்பத்தெட்டு கிலோ.

டாக்டர் அதை இணைத்து மூன்று வரி எழுதினார். நான் அந்தப் பக்கமே போகவில்லை. இருபத்தாறாம் தேதி சாயங்காலம் அனுமதி வந்தது. மறுநாள் வலது மூட்டை மாற்றினார்கள். இடதுக்கு நாள் இல்லை, நாலு நாளில் பாலிசி முடிந்துவிட்டது. அது இன்றும் அம்மாவின் பழைய கால்தான்.

வார்டில் அவளைப் பார்க்கச் சந்தைப் பெண்கள் நாலு பேர் வந்தார்கள். அம்மா தலையணையில் சாய்ந்துகொண்டு விவரம் சொன்னாள்.

"தரமாட்டோம்னு நின்னாவ. எனக்க மக இங்கிலீசுல ரெண்டு பக்கம் எழுதிப்போட்டா பாரு, ஒடனே பாசாக்கிட்டாவ."

நான் மறுக்கவில்லை. ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தேன். அவர்களில் ஒருத்தி, எனக்குச் சித்தி முறை, என் பக்கம் திரும்பினாள்.

"எனக்க மாப்பிளைக்குக் குடலிறக்கம் மக்கா. அவருக்கும் ஒரு லெட்டர் எழுதித் தருவியா?"

"லெட்டர் வேண்டாம் சித்தி," என்றேன். "பழைய கடலாசு என்னவெல்லாம் கெடக்கோ, எல்லாத்தையும் அப்படியே எடுத்துட்டு வாங்க. முதல்ல நான் வாசிக்கேன்."